கோயிலின் பின்பக்கம்

புதிதாக வேலைக்குச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு டிக்கெட் போடுவதையும் விசா ஃபார்ம் நிரப்புவதையும் கம்ப்யூட்டரே சொல்லிக்கொடுத்துவிடும். அதில் மூக்கை நுழைக்க எனக்கு ஆசையில்லை. ஹூஸ்டன் ஹில்கிராஃப்ட் வீதியில் இந்த டிராவல்ஸ் கடையில் இருபத்தாறு வருடம் குப்பை கொட்டியவன் என்பதால், ஓய்வு பெற்றுப் போவதற்கு முன் ஏதாவது சொல்லிவிட்டுப் போங்கள் பாய் என்று கேட்டீர்கள். சாதித்ததைச் சொன்னால் ஐந்து நிமிடத்தில் முடிந்துவிடும். ஆகவே தப்பு செய்ததைச் சொல்கிறேன். என்னை நம்பிக் கம்போடியாவுக்கு வந்த ஒரு நல்ல மனிதர், என் கவனக்குறைவால், கண்ணிவெடி இருக்கலாம் என்று சிவப்புக் கல் வைத்து எச்சரித்திருந்த மண்ணில் வெறுங்காலோடு நடந்தார். அந்த ஒரு நாளின் கதை இது.

முதலில் என்னைப் பற்றி இரண்டு வரி. கூத்தாநல்லூர்க்காரன். மார்க்கத்தால் முஸ்லிம், தொழிலால் எல்லாரையும் எல்லாக் கோயிலுக்கும் கூட்டிப்போகிறவன். குளிர்காலத்தில் மக்காவுக்கு உம்ரா குரூப், ஸ்கூல் லீவில் தமிழ்நாட்டுக் கோயில் குரூப், இடையில் அங்கோர்வாட். ஹூஸ்டன் நண்பர்கள், "பாய்க்கு மக்காவும் தெரியும், மதுரையும் தெரியும்" என்று கிண்டலடிப்பார்கள். கேலிதான், ஆனால் பொய்யில்லை.

அப்படி ஒரு தமிழ்நாட்டு டூரில் ஜெர்சி சிட்டி ஆன்ட்டி ஒருவர் எனக்கு ஒரு பாடம் நடத்தினார். ஒரு சிவன் கோயிலில் குரூப்பைப் பிரகாரம் சுற்றவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிறதே என்று நான் கைக்கொடியை ஆட்டிக்கொண்டிருந்தேன். முன்னால் போன அந்த ஆன்ட்டி, கருவறைச் சுவரிலிருந்து அபிஷேகத் தண்ணீர் வெளியே வரும் கல் வாய்க்கால் அருகே சட்டென்று நின்று, வந்த வழியே திரும்பிவிட்டார். பின்னால் வந்த இருபது பேரும் ஒருவர்மேல் ஒருவர் மோதினார்கள். எனக்குக் கோபமான கோபம். பஸ்ஸில் ஏறியதும் அவரே கூப்பிட்டு உட்காரவைத்துச் சொன்னார்.

"பாய், அந்த வாய்க்காலுக்குக் கோமுகின்னு பேரு. பிரதோஷ நேரத்துல சிவன் கோயில்ல அதைத் தாண்ட மாட்டோம். அதுவரைக்கும் போய்ட்டு, திரும்பி வந்துடுவோம். நீங்க எங்க குரூப்பை மேனேஜ் பண்றீங்க. நாங்க எங்க போவோம், எங்க நிப்போம்னு தெரிஞ்சுக்க வேண்டாமா?"

கேட்டேன், தலையாட்டினேன், மறந்தும் போனேன். கோயில் என்றால் அப்போதெல்லாம் எனக்கு மூன்று விஷயம்தான்: பஸ் எங்கே நிற்கும், டாய்லெட் எங்கே இருக்கிறது, செருப்பை எங்கே விடுவது. இத்தனை கோபுரத்தின் அடியில் நின்றும் ஒன்றைக்கூட அண்ணாந்து பார்த்ததில்லை.

இனி முருகேசன் சாருக்கு வருகிறேன். அமெரிக்க மேற்குக் கரையில் சான் ரமோன்காரர், சொந்த ஊர் ஈரோட்டுப் பக்கம். சிப் டிசைன் வேலையிலிருந்து அந்த வருடம்தான் ஓய்வு பெற்றிருந்தார். மனைவி சரோஜா, ஒரே மகள் நித்யா. நித்யா அங்கேயே பிறந்த பெண். தமிழில் என்ன கேட்டாலும் புரிந்துகொண்டு ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். மூவரும் எங்கள் அங்கோர்வாட் குரூப்பில் சேருவதாகப் பேச்சு. வீடியோ காலில் சமையலறை மேசையைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள்.

"பாய், அங்கோர்வாட்டெல்லாம் குரூப்போட பார்த்துக்கறோமுங்க. எங்களுக்கு ஒரு நாள் மட்டும் தனியா வேணும். கூட்டமே இருக்கக்கூடாது. காட்டுக்குள்ள இருக்கோணும். சிவன் கோயிலா இருக்கோணும்."

"இருக்கு சார். அங்கோர்வாட் இருக்கற சியம் ரீப்ல இருந்து ரெண்டரை மணி நேரம் டிரைவ் பண்ணணும். பிரைவேட் வேன் போட்டுடலாம், நானே கூட வர்றேன்."

"அப்பறம், இந்தத் தேதிதான் வேணுங்க. மாத்தக்கூடாது." ஒரு தேதி சொன்னார்.

"அப்பா, தட்ஸ் த லாஸ்ட் டே. வொய் நாட் எர்லியர்?" என்றாள் நித்யா.

"இல்லைங்கண்ணு. அந்த நாள்தான்."

கல்யாண நாளாக இருக்கும் என்று நானே முடிவு செய்துகொண்டேன். ஃபைலில் 'தேதி மாற்றக்கூடாது' என்று கொட்டை எழுத்தில் எழுதினேன். ஏன் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. என் முதல் தப்பு அது. ஒரு பஞ்சாங்கக் காலண்டரைத் திருப்பியிருந்தால் அன்றைக்குப் பிரதோஷம் என்று தெரிந்திருக்கும். காலண்டருக்கா பஞ்சம்? நம் கடைக்குப் பக்கத்து மளிகைக் கடையில் இலவசமாகவே கொடுக்கிறார்கள்.

சொன்ன நாளில் காலையிலேயே கிளம்பினோம். எங்கள் வழிகாட்டியின் பெயர் சொகா. நாற்பது வயதிருக்கும், கம்போடியாவின் கெமர் இனப் பெண்மணி. சுற்றுலாவுக்கு வருவதற்கு முன் பல வருடம் கண்ணிவெடி அகற்றும் குழுவில் வேலை பார்த்தவர். அவர் ஆங்கிலத்தில் பேசியதையெல்லாம் நான் தமிழில் தருகிறேன். வேன் ஊரைத் தாண்டியதுமே எழுந்து எங்கள் பக்கம் திரும்பி நின்றார்.

"நாம் போகும் பெரிய கோயில்கள் பாதுகாப்பானவை. ஆனால் ஒதுக்குப்புறமாகச் சில இடங்களில் போர்க்காலத்துக் கண்ணிகளை இன்னும் முழுதாக எடுத்து முடிக்கவில்லை. வெள்ளை அடித்த கல்லுக்குள் நடங்கள். சிவப்பு அடித்த கல்லைப் பார்த்தால் நில்லுங்கள். பாதையை விட்டு இறங்காதீர்கள்."

"அண்டர்ஸ்டுட்" என்றார் முருகேசன் சார். அம்மாவும் பெண்ணும் தலையாட்டினார்கள். மூவருக்கும் ஆங்கிலம் நன்றாகத் தெரியும் என்பதால் நான் எதையும் சேர்த்துச் சொல்லவில்லை. சொகா சொன்னது அவர்களுக்குப் புரிந்துவிட்டது என்று நினைத்தேன். இது இரண்டாவது தப்பு. இதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

காலையில் பெங் மேலியா. இடிந்து குவிந்த கோயில். மரங்கள் சுவர்மேல் ஏறி உட்கார்ந்து, வேர்களால் கற்களைப் பிடித்து வைத்திருக்கின்றன. மரம்தான் கோயிலை இடித்தது, இப்போது மரம்தான் அதை விழாமல் தாங்குகிறது என்றார் சொகா. அங்கிருந்து கோ கெர். காட்டுக்கு நடுவில் ஒரு பழைய தலைநகரம், அதில் ஏழு அடுக்கில் ஒரு கல் மலை. படியேறி உச்சிக்குப் போனால் நாலா பக்கமும் பச்சைக் காடு, ஒரு கூரைகூடத் தெரியவில்லை. ஒரு ராஜ்ஜியமே இங்கே இருந்தது என்பதை நம்ப முடியவில்லை. சரோஜாம்மா மூச்சு வாங்கிக்கொண்டே, "இத்தன கல்லையும் எவனுங்க பாய் தூக்கிட்டு வந்து அடுக்குனான்?" என்று கேட்டார். முதல் தடவையாக நானும் ஒரு சுற்றுலாப் பயணியைப்போல வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

மதியம் நல்ல மழை. மழை விட்டதும் திரும்பிவிடலாம் என்றேன். முருகேசன் சார் கிளம்ப மறுத்தார். "நாலரைக்கு மேல ஒரு கோயில்ல இருக்கோணுங்க. சின்னதா இருந்தாலும் போதும். லிங்கம் இருக்கோணும்." ஏன் நாலரை என்று அப்போதாவது கேட்டிருக்கலாம். வெயில் தாழ்ந்தால் போட்டோ நன்றாக வரும் என்பதற்காக இருக்கும் என்று நினைத்தேன்.

சொகா கொஞ்சம் யோசித்தார். தன் கிராமத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கோயில் இருக்கிறது, சுற்றுலாப் பட்டியலில் கிடையாது, ஆனால் உள்ளே ஒரு பெரிய லிங்கம் வைத்த இடத்திலேயே இருக்கிறது என்றார். முன்பக்கத்தை மட்டும் சுத்தம் செய்திருக்கிறார்கள், பாதையிலேயே நின்று பார்த்துவிட்டு வந்துவிடலாம் என்றும் சொன்னார். அந்த இடத்தின் பெயரைச் சொல்ல மாட்டேன். உங்களில் யாராவது நாளைக்கே பிரவுச்சரில் போட்டுவிடுவீர்கள்.

வேனை ரோட்டிலேயே விட்டுவிட்டு நடந்தோம். மழையில் நனைந்த செம்மண். இரண்டு பக்கமும் வெள்ளைக் கற்கள். மரங்கள் விலகியதும் கோபுரம் தெரிந்தது. இரண்டு மாடி உயரம்தான். அதன் தலையில் ஒரு பெரிய மரம், வேர்கள் வாசல் வரை தொங்கிக்கொண்டிருந்தன. வெள்ளைக் கற்கள் கிழக்கு வாசலுக்கு முன்னால் ஒரு முற்றம் போல வளைந்து முடிந்துவிட்டன. அதற்கப்பால் மூன்று பக்கமும் சிவப்பு. வாசலின் இருபுறமும் ஆளுயரப் பெண் சிற்பங்கள். இடுப்பில் மடிப்புக்கூடத் தெரிகிறது, விரலில் மோதிரம் தெரிகிறது. முகங்கள் மட்டும் இல்லை. சிலைத் திருடர்கள் உளியால் வெட்டி எடுத்துக்கொண்டு போயிருந்தார்கள்.

"எங்கள் ஊர்ப் பக்கம் ஒரு முகத்தைக்கூட விட்டுவைக்கவில்லை" என்றார் சொகா.

உள்ளே போனோம். கூரையில் ஒரு பக்கம் விழுந்து வானம் தெரிந்தது. அந்த வெளிச்சத்தில், நடுவில், லிங்கம் நின்றுகொண்டிருந்தது. என் தோள் உயரம். மழைத் தண்ணீர் அதன்மேல் இன்னும் வழிந்துகொண்டிருந்தது. பூசாரி இல்லை, விளக்கு இல்லை, மணி இல்லை. யாரும் வராத காட்டுக்குள் வானமே அபிஷேகம் செய்து முடித்த ஈரம் மட்டும் இருந்தது. நான் கும்பிடுகிறவன் இல்லை. ஆனாலும் தலையிலிருந்த தொப்பியைச் சரிசெய்துகொண்டேன், பெரியவர்கள் முன்னால் போனால் செய்வதுபோல. எனக்குப் புல்லரித்ததை மறைக்க விரும்பவில்லை.

சொகா வடக்குச் சுவரைக் காட்டினார். லிங்கத்தின் மேல் விழும் தண்ணீர் பீடத்தில் ஓடி, சுவரைத் துளைத்து வெளியே போகும் கல் வாய்க்கால். "சோமசூத்ரா" என்றார்.

முருகேசன் சார் திடுக்கிட்டுத் திரும்பினார். "என்ன சொன்னீங்க? ஒன்ஸ் மோர், ப்ளீஸ்."

"சோமசூத்ரா. இந்த வாய்க்காலின் பெயர். பழைய சொல்."

மூன்று தடவை சொல்லவைத்துக் கேட்டார். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "சரோ, கேட்டியா? சோமசூத்திரங்கறாங்க. நம்ம சோமசூத்திரம்!" என்றார். வாய்க்கால் வரை போய்த் தாண்டாமல் திரும்பும் அந்தப் பிரதோஷச் சுற்றுக்கு அதுதான் பெயர் என்பதும், அவர் பல வருடமாகப் சான் ரமோன் பக்கத்துக் கோயிலில் ஒரு பிரதோஷத்தைக்கூட விடாதவர் என்பதும் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. பசிபிக் கடலைத் தாண்டி, காட்டுக்குள், யாருக்கும் தெரியாத ஒரு கோயிலில், வேற்று மொழிக்காரப் பெண்மணியின் வாயிலிருந்து அந்தச் சொல் வந்து விழுந்தால் மனிதர் எப்படித் தாங்குவார்?

நான் என்ன செய்துகொண்டிருந்தேன்? வெளியே முற்றத்துக்கு வந்தேன். இரண்டு கோடு சிக்னல் கிடைத்தது. குரூப்பின் மற்றவர்களுக்கு இரவுச் சாப்பாட்டில் பன்னீர் வேண்டுமா என்று ஹோட்டல்காரர் கேட்டிருந்தார். அதற்குப் பதில் தட்டிக்கொண்டிருந்தேன். சொகா உள்ளே சரோஜாம்மாவுக்குப் பீடத்தின் வேலைப்பாட்டைக் காட்டிக்கொண்டிருந்தார். நித்யா வாசல் வேர்களைப் படம் எடுத்துக்கொண்டிருந்தாள்.

நிமிர்ந்து பார்த்தபோது வாசற்படி ஓரத்தில் முருகேசன் சாரின் ஷூ ஜோடியாக இருந்தது. சாக்ஸை மடித்து உள்ளே வைத்திருந்தார். ஆளைக் காணவில்லை. ஷூவுக்குப் பக்கத்திலிருந்து வெறுங்கால் தடங்கள் தெற்குப் பக்கமாகப் போயின. வெள்ளைக் கல்லைத் தாண்டி, சிவப்புக் கல்லையும் தாண்டி, சுவரோரமாகத் திரும்பி மறைந்தன.

கத்தலாம் என்று வாய் திறப்பதற்குள் நித்யா அலறிவிட்டாள். "அப்பா!"

அவர் இரண்டு பக்கத்தைச் சுற்றி வடக்குப் பக்கம் வந்திருந்தார். நாங்கள் நின்ற முற்றத்தின் மூலையிலிருந்து பத்தடி தூரம். நடுவில் அந்தக் கல் வாய்க்கால் தரையில் ஓடுகிறது, இரண்டு சாண் அகலம். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் கைகூப்பி, கண்மூடி, உதடு அசைய நின்றுகொண்டிருந்தார்.

"அப்பா, மைன்ஸ்! ரெட் ஸ்டோன்ஸ்! கம் திஸ் வே! ஜஸ்ட் ஜம்ப்!"

கண்ணைத் திறந்தார். தன் முழங்காலுக்குப் பக்கத்தில் இருந்த சிவப்புக் கல்லைப் பார்த்தார். முகத்தில் ரத்தமே இல்லை. சத்தம் கேட்டு ஓடி வந்த சரோஜாம்மா, "ஏனுங்க, இப்படியே வந்துருங்க!" என்று கதறினார். சொகா ஒரு கையால் அவரைப் பிடித்துக்கொண்டு மறுகையால் என் மணிக்கட்டைப் பற்றினார். மிகத் தணிந்த குரலில் சொன்னார்: "இந்தப் பத்தடியில் யாரும் கால் வைத்ததில்லை. அவர் கால் வைத்த இடம் மட்டும்தான் நமக்குத் தெரியும். வந்த தடத்திலேயே திரும்பிப் போகச் சொல்லுங்கள்."

அதற்குள் முருகேசன் சார் வாய்க்காலைத் தாண்டக் காலைத் தூக்கிவிட்டார்.

தம்பி, தங்கைகளே, இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். நில் என்று யார் சொன்னாலும் கேட்கும் நிலையில் அவர் இல்லை. வெடி என்று நான் கத்தினால் இன்னும் வேகமாகத் தாவுவார். பயந்த மனிதனுக்கு மனைவி மக்கள் நிற்கும் பக்கம்தான் வழி. உம்ரா குரூப்பில் நான் பார்த்திருக்கிறேன். கஃபாவை ஏழு தடவை சுற்றி வரும் கூட்டத்தில் ஒருவரைப் பெயர் சொல்லி எத்தனை கத்தினாலும் திரும்ப மாட்டார். "ஹாஜி, சுத்து ஆறுதான் ஆச்சு" என்று சொல்லுங்கள், அந்த நொடியே நின்று திரும்பிப் பார்ப்பார். சுற்றுக்குள் இருப்பவரிடம் சுற்றைச் சேர்ந்த சொல்லால்தான் பேச முடியும். மாற்றக்கூடாத தேதி, நாலரை மணி, சோமசூத்திரம் என்றதும் வந்த கண்ணீர், எல்லாம் அந்த ஒரு கணத்தில் எனக்கு ஒன்றுசேர்ந்தன. மறந்துபோன ஜெர்சி சிட்டி ஆன்ட்டி என் தொண்டையில் வந்து உட்கார்ந்தார்.

"சார்! கோமுகி! பிரதோஷ நேரம், கோமுகியைத் தாண்டாதீங்க!"

தூக்கிய கால் காற்றில் நின்றது. பிறகு எடுத்த இடத்திலேயே இறங்கியது.

"சுத்தை முடிங்க சார். வந்த வழியே திரும்புங்க. உங்க கால் தடம் ஈரத்துல தெரியுது பாருங்க. அதுலயே வைங்க. ஒரு தடத்தைக்கூட விடக்கூடாது."

"சரிங்க பாய்" என்றார். குரல் நடுங்கியது. ஆனால் என்ன செய்யவேண்டும் என்று தெரிந்த மனிதனின் குரல்.

"சத்தமா சொல்லிக்கிட்டே போங்க. எங்களுக்குக் கேக்கணும்."

"நமச்சிவாய" என்று ஆரம்பித்தார். ஒவ்வொரு அடிக்கும் ஒரு தடவை. சுவரின் மூலையில் திரும்பி மறைந்தார். அதன்பிறகு எங்களுக்கு அவருடைய குரல் மட்டும்தான் இருந்தது. கோயிலின் பின்பக்கத்திலிருந்து, கல்லைத் தாண்டி, மரத்தைத் தாண்டி, நமச்சிவாய, நமச்சிவாய என்று வந்துகொண்டிருந்தது. நான் எனக்குத் தெரிந்த துஆக்களையெல்லாம் மனதுக்குள் ஓதினேன். இரண்டும் ஒரே இடத்துக்குத்தான் போய்ச் சேரும் என்பதில் அன்று எனக்குச் சந்தேகமே வரவில்லை.

சரியாகப் பின்பக்கத்தின் நடுவில் குரல் நின்றுவிட்டது.

வெடிச் சத்தம் இல்லை. விழுந்த சத்தமும் இல்லை. "சத்தம் நின்னுபோச்சுங்க பாய்" என்றார் சரோஜாம்மா, ரகசியம் சொல்வதுபோல. நித்யா என் சட்டையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். சொகா மூச்சுவிடாமல் கேட்டுக்கொண்டிருந்தார். அது அரை நிமிடமோ என்னவோ. என் வாழ்நாளில் அதைவிட நீளமான நேரத்தை நான் பார்த்ததில்லை. எந்த ஏர்போர்ட்டில் எந்த ஃபிளைட் ரத்தானாலும் இனி என் கை நடுங்காது என்று அன்றே தெரிந்துவிட்டது.

பிறகு, இன்னும் மெதுவாக, "நமச்சிவாய."

தெற்கு மூலையில் அவர் தெரிந்தார். குனிந்த தலை, தடத்துக்கு மேல் தடம். கடைசி அடியை வெள்ளைக் கல்லுக்குள் வைத்ததும் சொகா அவரை இரண்டு கையாலும் இழுத்துக்கொண்டார். சரோஜாம்மா அவருடைய முதுகில் அடித்தார், அப்புறம் அதே முதுகில் சாய்ந்து அழுதார். நான் சிவப்புக் கல்லைப் பார்த்தபடி உட்கார்ந்துவிட்டேன்.

கொஞ்சம் தெளிந்ததும் எனக்கு ஆத்திரம் வந்தது. "என்ன சார் இது? பாதையை விட்டு இறங்காதீங்கன்னு காலையிலயே அவ்வளவு தெளிவா சொன்னாங்களே!"

அவர் என்னை நிஜமாகவே புரியாமல் பார்த்தார். "நான் பாதையை விட்டு எங்கீங்க பாய் போனேன்? கோயிலைத்தானே சுத்துனேன்."

இந்த வாக்கியத்தை எழுதி உங்கள் மேசையில் ஒட்டிக்கொள்ளுங்கள். அவர் திமிர் பிடித்தவரும் இல்லை, காது கேட்காதவரும் இல்லை. சிப் டிசைன் செய்தவர், ஒரு புள்ளி தப்பாமல் வேலை செய்தவர். பாதையை விட்டு இறங்குவது என்றால் அவருக்குக் காட்டுக்குள் வேடிக்கை பார்க்கப் போவது. கோயிலைச் சுற்றுவது அவருக்குப் பாதையை விட்டு இறங்குவதே இல்லை, அது வந்த வேலை. வெள்ளைக்காரப் பயணிக்கு சொகாவின் எச்சரிக்கை போதும். நம்மவருக்குப் போதாது. அது சொகாவுக்குத் தெரிய வழியில்லை. எனக்குத் தெரியும். ஆயிரம் பேரைச் சுற்றவிட்டவன் நான். "கோயிலை யாரும் சுத்தக்கூடாது" என்று தமிழில் ஒரே ஒரு வரி நான் வேனில் சேர்த்திருக்கவேண்டும். பொதுவாகச் சொல்லும் எச்சரிக்கை யாருக்கும் சொல்லாத எச்சரிக்கை. எதிரே இருப்பவர் என்ன செய்வார் என்று யோசித்து, அந்தச் செயலின் பெயரைச் சொல்லித் தடுங்கள். அந்த மண்ணுக்குள் நிஜமாகவே ஏதாவது இருந்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. தெரிந்துகொள்ளவும் விருப்பமில்லை. இருந்தாலும் இல்லாவிட்டாலும் தப்பு தப்புதான்.

உபதேசம் இவ்வளவுதான். ஆனால் அந்த நாள் அதோடு முடியவில்லை.

எல்லாரும் தண்ணீர் குடித்தோம். கிளம்பலாம் என்று நான் எழுந்தேன். சொகா எழவில்லை. முருகேசன் சாருக்கு எதிரில் ஒரு வெள்ளைக் கல்லின்மேல் உட்கார்ந்திருந்தார். திட்டப்போகிறார், நியாயம்தான் என்று நினைத்தேன். சொகா தயங்கித் தயங்கி ஒரு கேள்வி கேட்டார்.

"நான் பிறந்தது அந்த மூங்கில் புதருக்கு அப்பால். சின்ன வயதிலிருந்து இந்த வாசலுக்கு வருகிறேன். பின்பக்கத்தை நான் பார்த்ததில்லை. என் அம்மாவும் பார்த்ததில்லை. அங்கே என்ன இருக்கிறது?"

முருகேசன் சார் பதில் சொல்ல வாயெடுத்தார். முப்பது வருடம் ஆங்கிலத்தில் மீட்டிங் நடத்தியவருக்கு அப்போது ஆங்கிலம் வரவில்லை. என்னைப் பார்த்துத் தமிழில் சொன்னார். "அங்கதாங்க பாய் எனக்குச் சத்தம் நின்னுபோச்சு. போறப்ப கண்ண பாதி மூடிட்டுப் போனதுல பார்க்கலை. திரும்பி வாரப்ப பார்த்தேன். சுவத்துல ஒரு பொண்ணு நிக்குதுங்க. இங்க இருக்கறமாதிரியே. ஆனா முகம் இருக்குது."

நான் மொழிபெயர்க்கவேண்டும். என்னால் முடியவில்லை. உளி எடுத்தவர்களும் அந்தப் பக்கம் போகப் பயந்திருக்கிறார்கள் என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது.

நித்யா சொகாவின் பக்கத்தில் போய் மண்டியிட்டு உட்கார்ந்தாள். அப்பாவைப் பார்த்து, நான் அவள் வாயிலிருந்து ஒருநாளும் கேட்டிராத தமிழில், "சொல்லுங்கப்பா. மெதுவா. நான் சொல்றேன்" என்றாள்.

அவர் சொன்னார். நெற்றி, புருவம், காதில் கனமான தோடு, ஒரு கன்னத்தில் பாசி. மகள் ஒவ்வொன்றாக ஆங்கிலத்தில் சொன்னாள். சொகா கண்ணை மூடிக்கொண்டு கேட்டார், விரலால் தன் முகத்திலேயே அந்தந்த இடத்தைத் தொட்டுக்கொண்டு. முடிந்ததும் தன் மூக்கைத் தொட்டுக் காட்டி, இது உடையவில்லையா என்று கேட்டார்.

"உடையலைங்க" என்றார் முருகேசன் சார். "சிரிக்குதுங்க."

நித்யா சொன்னாள். சொகா கண்ணைத் திறக்காமல், இன்னொரு முறை, முதலிலிருந்து சொல்லுங்கள் என்றார்.